1980-களின் தொடக்க நியூ வேவ் பாடல்களை (பங்க் ராக்கை அடுத்து எழுந்த பாப்-ராக் அலை) ரீமாஸ்டர் செய்து, அதாவது பழைய பதிவை மெருகேற்றிக் கேட்பதில் அப்படி என்ன இருக்கிறது? பழைய நினைவு மட்டும்தானா?

எனக்கு அந்த நினைவே கிடையாது. அந்த அலை அடங்கிய பிறகு பிறந்தவன் நான். என்னை இழுத்தது அந்த இசையில் இருக்கும் காலி இடம். நல்ல ரீமாஸ்டரில் அது அப்படியே கிடைக்கிறது.

தி ஹியூமன் லீக் குழுவின் 'டேர்' (1981) ஆல்பத்தையே எடுத்துக்கொள்வோம். எங்கு பார்த்தாலும் சிந்தசைசர் என்ற மின்னணு இசைக்கருவிதான். தாளத்துக்கு லின் எல்எம்-1. நிஜ டிரம் ஒலிகளைச் சிப்பில் ஏற்றி வாசித்த முதல் டிரம் மெஷின் அது, 1980-ல் வந்தது. அன்றைக்கு மெமரி சிப் விலை எக்கச்சக்கம். அதனால் நீண்டு ஒலிக்கும் கிராஷ், ரைடு என்ற சிம்பல்களை (டிரம்மோடு வரும் உலோகத் தட்டுகள்) அதில் வைக்கவே இல்லை. ராக் பாடல்களில் எப்போதும் மேலே 'ஸ்ஸ்ஸ்' என்று படர்ந்து கிடக்கும் அந்தச் சத்தம் இல்லாததால், ஒவ்வொரு சிந்தசைசர் வரியும் தனியாகக் காதில் விழுகிறது. தயாரிப்பாளர் மார்ட்டின் ரஷன்ட் பயன்படுத்திய ரோலண்ட் எம்சி-8 சீக்வென்சரில் (ஏற்றிவைத்த ஸ்வரங்களைச் சிந்தசைசரில் தானாக வாசிக்க வைக்கும் கருவி) ஸ்வரங்களை எண்களாகத் தட்டித்தான் ஏற்ற வேண்டும். அவ்வளவு பாடுபட்டு ஏற்றுகிறவர் வேண்டாத ஒரு ஸ்வரத்தைச் சேர்ப்பாரா?

ஸ்டுடியோ டேப்பில் இவ்வளவு சுத்தமாகப் பதிவானது வீட்டுக்கு வரும்போது பாதி தேய்ந்துவிட்டது. கேசட்டில் இரைச்சல். எல்.பி. தட்டில் ஊசி நடுவை நெருங்க நெருங்க ஒலி மங்கும், கரகரக்கும். 'டோன்ட் யூ வான்ட் மீ' பாட்டு பாடகர் பிலிப் ஓக்கிக்கே பிடிக்கவில்லை என்று ஆல்பத்தின் கடைசியில் தள்ளப்பட்டது. அதாவது, தட்டில் ஒலிக்கு மிக மோசமான இடத்தில்! கடைசியில் அந்தப் பாட்டுதான் பிரிட்டனிலும் அமெரிக்காவிலும் முதலிடம் பிடித்தது என்பது வேறு கதை.

1982-ல் சி.டி. வந்தும் உடனே விடிந்துவிடவில்லை. எல்.பி. வெட்டுவதற்காக ஒலியைத் திருத்தி வைத்திருந்த டேப்பையோ, பிரதிக்குப் பிரதி எடுத்த டேப்பையோ அப்படியே சி.டி.யில் ஏற்றிய கம்பெனிகள் உண்டு. நல்ல ரீமாஸ்டர் என்றால் ஸ்டுடியோவில் கலந்து முடித்த முதல் ஸ்டீரியோ மாஸ்டர் டேப்பைத் தேடிப் பிடிப்பதில்தான் வேலை தொடங்குகிறது. அக்காலத்து டேப்புகள் பல, ஈரத்தை இழுத்துப் பசைபோல ஒட்டிக்கொள்ளும். இளஞ்சூட்டில் மணிக்கணக்கில் வைத்து எடுத்தால்தான் ஓடும். அதுவும் கொஞ்ச காலத்துக்குத்தான், அதற்குள் பிரதி எடுத்துவிட வேண்டும்.

ஒன்றைப் பிரித்துச் சொல்லிவிடுகிறேன். ரீமாஸ்டர் என்பது முடிந்த கலவையை மெருகேற்றுவது. ரீமிக்ஸ் என்பது ஒவ்வொரு கருவிக்கும் குரலுக்கும் தனித்தனியாகப் பதிவான டிராக்குகளை எடுத்து மறுபடி கலப்பது. எக்ஸ்டிசி, டியர்ஸ் ஃபார் ஃபியர்ஸ் குழுக்களின் ஆல்பங்களுக்கு இசைக்கலைஞர் ஸ்டீவன் வில்சன் செய்தது இரண்டாவது வகை. அதுவும் அருமைதான், ஆனால் கேட்பது வேறு பொருள்.

'ரீமாஸ்டர்டு' என்று போட்டிருந்தாலே வாங்கிவிடாதீர்கள். 1990-களின் நடுவிலிருந்து வந்த பல பதிப்புகளில் மெல்லிய ஒலியைத் தூக்கி, உரத்த ஒலியை அமுக்கி, எல்லாவற்றையும் ஒரே மட்டத்தில் கத்த வைத்தார்கள். கனமான ராக் ஓரளவு அதைத் தாங்கும். இந்த இசை தாங்காது. ஸ்நேர் டிரம் அடி 'டப்' என்று விழுந்து, பிறகு அமைதி வர வேண்டிய இடத்தில் எதிரொலியும் இரைச்சலும் வந்து உட்கார்ந்துகொள்கின்றன. அதற்கு 80-களின் பழைய சி.டி.யே மேல் என்பேன்.

கேட்டுப் பார்க்கும்போது இரண்டு பதிப்புகளையும் ஒரே சத்தத்தில் வையுங்கள்; கூடுதல் சத்தமாக இருப்பதுதான் நன்றாக இருப்பதுபோல் முதலில் தோன்றும். ஸ்ட்ரீமிங் செயலிகளில் ஒலியளவைச் சமப்படுத்தும் வசதி இருக்கிறது. அதைப் போட்டுவிட்டால் கத்தும் பதிப்பின் சாயம் இரண்டு நிமிடத்தில் வெளுத்துவிடும்.