உயரமா இருந்தா ரிங்குக்கு அடியிலேயே நிற்கணுமா?

வாசகர் கேள்வி பதில் - கூடைப்பந்து

"எனக்கு 6 அடி 4 அங்குலம் உயரம். காலேஜ் டீமில் ஆடுகிறேன். பந்தைத் தட்டிக்கொண்டு நாலு எட்டு வைத்தாலே 'நீ எதுக்குடா ஓடுற, ரிங்குக்கு அடியில போய் நில்லு' என்று சத்தம் வருகிறது. குரோஷியாவில் என்னைவிட உயரமான ஒருத்தர் பந்தைத் தானே கொண்டுபோய் ஆடினார், பிறகு கோச்சாகவும் பேர் வாங்கினார் என்று சீனியர் அண்ணன் சொன்னார். யார் அவர்?"
- கல்லூரி மாணவர், கீழக்கரை

கிரெஷிமிர் சோசிச், தம்பி. 1948-ல் ஸாக்ரெப்பில் பிறந்தார், வளர்ந்தது ஸாதர் என்கிற கடற்கரை ஊரில். அப்போது அதெல்லாம் யூகோஸ்லாவியா, இப்போது குரோஷியா. உயரம் ஏறக்குறைய 6 அடி 11 அங்குலம், ஆள் ஒல்லி. அந்தக் காலத்தில் அத்தனை உயரமானவனுக்கு எல்லா ஊரிலும் ஒரே வேலைதான்: ரிங்குக்குக் கீழே நின்று இடி வாங்கு, ரீபவுண்டை (கூடையில் விழாமல் திரும்புகிற பந்தை) எடு, பந்தைக் குள்ளமானவன் கையில் கொடு. சோசிச் ரீபவுண்டை எடுப்பார், அப்புறம் யாரையும் தேடாமல் தானே தட்டிக்கொண்டு எதிர்ப்பக்கம் போவார், முதுகுக்குப் பின்னால் பாஸ் போடுவார், தூரத்திலிருந்து கூடையும் போடுவார். இன்றைக்கு செர்பியாவின் நெட்டை ஆட்டக்காரர் நிகோலா யோகிச் செய்வதைப் பார்த்து வாய் பிளக்கிறோமே, அந்த வழியில் அரை நூற்றாண்டுக்கு முன்பே நடந்த ஆள் இவர்.

19 வயதில் மெக்சிகோ ஒலிம்பிக்கில் வெள்ளி. 1970-ல் சொந்த மண்ணில், லுப்லியானாவில், அமெரிக்காவை 70-63 என்று அடித்து உலகக் கோப்பை. பிறகு 1978-ல் மணிலாவில் இன்னொரு உலகக் கோப்பை, இடையில் 1973, 75, 77 என்று மூன்று ஐரோப்பியப் பட்டம், 1976-ல் மீண்டும் ஒலிம்பிக் வெள்ளி, கடைசியாக 1980 மாஸ்கோவில் இத்தாலியை வென்று தங்கம். நான்கு ஒலிம்பிக் ஆடியவர்.

உங்களுக்கு நான் சொல்வது, கோச்சோடு சண்டைக்குப் போகாதீர்கள். சோசிச்சும் ரீபவுண்டை விட்டுவிட்டு ஆடவில்லை, அதை எடுத்தபிறகுதான் மற்றதெல்லாம். பிராக்டிஸ் முடிந்ததும் பத்து நிமிஷம் கூடுதலாக நின்று இடது கையால் தட்டிப் பழகுங்கள், எதிராளி ஒருத்தனை மேலே விழவிட்டு, பந்தைப் பறிகொடுக்காமல் பாஸ் போட்டுப் பழகுங்கள். மேட்சில் ரெண்டு தடவை பந்து பத்திரமாகப் போய்ச் சேர்ந்தால் சத்தம் தானாகக் குறையும்.

"என் மகன் பிளஸ் டூ. கூடைப்பந்து ஆட்டத்துக்காக சென்னையில் ஒரு கல்லூரியில் இடம் தருகிறார்கள். அவன் அப்பா கடலுக்குப் போகிறவர். 'ஆட்டம் சோறு போடுமா, போனவன் ஊர்ப்பக்கம் திரும்புவானா' என்று சொந்தக்காரர்கள் கேட்கிறார்கள். என்ன பதில் சொல்ல?"
- ஒரு தாய், பாம்பன்

அம்மா, மேலே சொன்ன மனிதரையே பாருங்கள். படித்துக்கொண்டே ஆடுவதற்காக அமெரிக்காவின் யூட்டா மாநிலத்தில் பிரிகம் யங் பல்கலைக்கழகத்துக்குப் போனவர். தன் கடலோர ஊரை விட்டு, மலையும் பனியுமாக இருக்கிற இடத்துக்கு, தெரியாத மொழிக்கு. அங்கேயே 1972, 73 இரண்டு வருஷமும் ஆல் அமெரிக்கன் என்கிற, சிறந்த கல்லூரி ஆட்டக்காரர்கள் பட்டியலில் வந்தார், வெளிநாட்டுக்காரர் ஒருவர் அந்தப் பட்டியலில் வந்தது அதுதான் முதல் தடவை. அமெரிக்காவின் தொழில்முறை லீகான என்பிஏவின் அணிகள் கூப்பிட்டன, போர்ட்லாண்டும் லாஸ் ஏஞ்சலிஸும் டிராஃப்டில், அதாவது புது ஆட்டக்காரர்களைத் தேர்ந்தெடுக்கும் முறையில், அவர் பேரை எடுத்தன. அவர் வேண்டாம் என்று சொல்லிவிட்டு ஸாதருக்குத் திரும்பினார்.

அது அசட்டுத்தனம் இல்லை. அந்தக் காலத்து விதிப்படி என்பிஏவில் ஆடினால் நாட்டுக்காக ஆட முடியாது, 1989-ல்தான் அந்தத் தடை நீங்கியது. அங்கே கையெழுத்துப் போட்டிருந்தால் 76 வெள்ளியும் 80 தங்கமும் அவருக்குக் கிடையாது. திரும்பி வந்தவர் ஸாதரோடு 1974, 75 இரண்டு லீக் பட்டம் வாங்கினார், பிறகு லுப்லியானா, அப்புறம் இத்தாலியில் பொலோன்யா அணியோடு இரண்டு பட்டம், கடைசியில் ஸாக்ரெப்பின் சிபோனா. ஆட்டத்திலேயே வாழ்ந்தார்.

நம் நிலைமை வேறு, அதையும் சொல்லத்தான் வேண்டும். இங்கே கூடைப்பந்து ஆடி மட்டும் வீடு கட்ட முடியாது. ஆனால் ரயில்வே, போலீஸ், வங்கி என்று விளையாட்டு ஒதுக்கீட்டு வேலை இருக்கிறது, அதற்கு டிகிரி கையில் இருந்தால் பலம். அனுப்புவதற்கு முன்னால் மூன்று விஷயத்தை எழுத்தில் கேட்டு வாங்குங்கள்: கட்டணம் முழுக்க இலவசமா பாதியா, ஹாஸ்டலும் சாப்பாடும் யார் பொறுப்பு, முழங்கால் பிசகி ஆட முடியாமல் போனால் படிப்பைத் தொடர விடுவார்களா. மூன்றாவதை யாரும் கேட்பதில்லை, அதுதான் முக்கியம். அனுப்புங்கள் அம்மா.

"பெரிய ஆட்டக்காரர்கள் நல்ல கோச்சாக வருவதில்லை என்பது என் அனுபவம். தான் செய்ததை எல்லாரும் செய்வார்கள் என்று நினைத்துவிடுகிறார்கள். சோசிச் எப்படி?"
- உடற்கல்வி ஆசிரியர், தொண்டி

சார், நீங்கள் சொல்வது பலபேர் விஷயத்தில் நிஜம். இவர் விஷயத்தில் நான் ஒத்துக்கொள்ள மாட்டேன்.

1985-ல் யூகோஸ்லாவிய தேசிய அணிக்குக் கோச்சானார். அடுத்த வருஷம் மாட்ரிட்டில் உலகக் கோப்பை அரையிறுதி, எதிரே சோவியத். ஒரு நிமிஷம்கூட மிச்சம் இல்லை, 9 புள்ளி முன்னிலை. சோவியத் வரிசையாக மூன்று மூன்று-பாயிண்ட் போட்டது, நடுவே பந்தைக் கையில் வைத்திருந்த 18 வயது விளாடே திவாச் டபுள் டிரிபிள் (தட்டுவதை நிறுத்திவிட்டு மறுபடி தட்டுகிற தவறு) செய்து பந்தைக் கொடுத்துவிட்டார். ஆட்டம் சமன், கூடுதல் நேரத்தில் 91-90 என்று தோல்வி. வெண்கலத்தோடு திரும்பினார்கள். ஒரு நாடே அந்தப் பையனைத் திட்டிக்கொண்டிருந்த நேரம் அது.

சோசிச் அவரை ஒதுக்கவில்லை. 1987 ஏதென்ஸ் ஐரோப்பியப் போட்டிக்கு திவாச்சையும் கூட்டிப்போனார், அவரோடு 18 வயது டோனி குகோச், 19 வயது ஜோர்ஜெவிச், 20 வயது டினோ ராஜா. கிடைத்தது வெண்கலம்தான். அடுத்த வருஷம் சியோல் ஒலிம்பிக்கில் யூகோஸ்லாவியா இறுதிவரை போய் வெள்ளி வாங்கியது, ஆனால் அப்போது கோச் டூஷான் இவ்கோவிச். கோச்சாக சோசிச் கையில் பெரிய தங்கம் இல்லை, அதை வைத்துக் கணக்குப் போட்டால் நீங்கள் ஜெயிப்பீர்கள். ஆனால் ராஜா, திவாச், குகோச் மூன்று பேரும் பின்னால் என்பிஏவுக்குப் போய், 2018, 2019, 2021 என்று ஒருவர் பின் ஒருவராக அமெரிக்காவின் நைஸ்மித் கூடைப்பந்துப் புகழ் மன்றத்தில் இடம் பிடித்தார்கள். மூவருமே நல்ல உயரம், மூவருமே பாஸ் போடத் தெரிந்தவர்கள். குகோச்சும் ராஜாவும் 1992 பார்சிலோனாவில் தனி நாடான குரோஷியாவுக்கு வெள்ளி வாங்கிக் கொடுத்தார்கள். நெட்டைப் பையனைக் கட்டிப்போடாத கோச் கிடைத்ததில் அவர்களுக்கு எவ்வளவு லாபம் என்று நினைத்துப் பாருங்கள் சார். உங்கள் பள்ளியில் ஒன்பதாவது படிக்கிற உயரமான பையனையும் வாரத்தில் ஒருநாள் பந்தைக் கொண்டுவர விடுங்கள், தோற்கிற மேட்சாக இருந்தாலும் பரவாயில்லை.

"அவர் இப்போது எங்கே?"
- வாசகர், தேவிபட்டினம்

இல்லை. குரோஷியா தனி நாடானதும் வாஷிங்டன் தூதரகத்தில் பணியாற்றினார், அங்கிருந்தபோதே நிணநீர்ப் புற்றுநோய் வந்து 1995 மே மாதம் காலமானார். 46 வயதுதான். புகழ் மன்றத்தில் அவர் பெயர் சேர்ந்தது அடுத்த வருஷம், அவர் பார்க்கவில்லை. ஸாதரில் 2008-ல் திறந்த உள்விளையாட்டு அரங்கத்துக்கும், குரோஷியக் கோப்பைப் போட்டிக்கும் அவர் பெயர்.

"எங்கள் கோர்ட் கடலை ஒட்டி இருக்கிறது. கச்சான் காற்று அடிக்கிற மாதங்களில் எறிகிற பந்து எங்கேயோ போகிறது. பிராக்டிஸை நிறுத்திவிடலாமா?"
- பள்ளி மாணவர்கள், மண்டபம்

நிறுத்த வேண்டாம். தூரத்து ஷாட்டை மட்டும் தள்ளிவையுங்கள், காற்றில் அதைப் போட்டுப் போட்டு கை தப்பான பழக்கத்துக்குப் போய்விடும். விடியற்காலையில் காற்று ஏறுமுன் ஷாட், காற்று ஏறினபின் லேஅப் (ரிங்குக்குப் பக்கத்தில் ஓடிவந்து போடுகிற ஷாட்), தரையில் தட்டிக் கொடுக்கிற பாஸ், ஒரு காலை ஊன்றித் திரும்புவது. சோசிச் கதையில் வந்த வித்தையில் பாதி இந்த மூன்றில் இருக்கிறது. ஆரம்பிக்கும் முன் சிமெண்டுத் தரையில் சேர்ந்த மணலைப் பெருக்குங்கள், அதில் வழுக்கினால் கணுக்கால் போகும். உப்புக்காற்றில் ரிங் போல்ட் துருப்பிடித்திருக்கும், அதை மாற்றும்வரை யாரும் ரிங்கைப் பிடித்துத் தொங்கக் கூடாது.