இலங்கையின் மிக உயரமான மலை சிவனொளிபாதமலைதானே?

இல்லை. மிக உயரமானது நுவரெலியாவில் இருக்கும் பீதுருதலாகலை, 2524 மீற்றர். சிவனொளிபாதமலை 2243 மீற்றர்தான். கிரிகல்பொத்தையும் தொட்டுபொலையும்கூட அதைவிட உயரம்.

ஆனால் இந்தக் கேள்வி எழுவது இயல்பு. எங்கள் யாழ்ப்பாணத்தில் தலை நிமிர்ந்து பார்க்கப் பனையை விட்டால் வேறெதுவும் இல்லை. சுண்ணாம்புக்கல் மேல் விரித்த தட்டை நிலம். மலை என்றதும் இங்கே பலருக்கு முதலில் வாயில் வருவது சிவனொளிபாதமலைதான்.

நேரில் போய்ப் பார்த்தாலும் கண் அதைத்தான் சொல்லும். நுவரெலியா நகரமே ஏறத்தாழ 1870 மீற்றரில் இருக்கிறது. அங்கே பஸ்ஸால் இறங்கிப் பீதுருதலாகலையைப் பார்த்தால், காடு மூடிய ஒரு மேடு. உச்சியில் ஒளிபரப்புக் கோபுரங்கள், அதுவும் பனிமூட்டம் விலகினால். மீதி உயரத்தை நாங்கள் பஸ்ஸிலேயே ஏறி முடித்திருப்போம். கிரிகல்பொத்தை இன்னும் மோசம். அது நிற்கும் ஹோர்ட்டன் சமவெளியே 2100 மீற்றருக்கு மேல்.

சிவனொளிபாதமலை அப்படியில்லை. மலைநாட்டின் தென்மேற்கு விளிம்பில் கூம்பாகத் தனித்து நிற்கிறது. அதன் தெற்கே நிலம் இரத்தினபுரிப் பக்கமாகச் சரிந்து ஓரிரு நூறு மீற்றருக்கு இறங்கிவிடுகிறது. அதனால் அதன் உயரம் முழுக்கக் கண்ணில் படும். கடலில் வருபவர்களுக்கும் அதுதான் அடையாளம். 1344இல் வந்த மொரோக்கோ நாட்டுப் பயணி இப்னு பதூதா அதைக் கடலிலிருந்தே புகைத்தூண் போலக் கண்டதாகவும், உலகின் மிக உயர்ந்த மலைகளில் ஒன்று என்றும் எழுதினார். அவரைப் பல்லக்கும் துணைக்கு ஆட்களும் கொடுத்து அந்த மலைக்கு அனுப்பிவைத்தவர் யார் தெரியுமா? எங்கள் யாழ்ப்பாண அரசன் ஆரியச்சக்கரவர்த்தி. அப்போது அவர் புத்தளத்தில் இருந்தார். இதைப் பாடப் புத்தகத்தில் பெரிய எழுத்தில் போட வேண்டும் என்பது என் ஆசை.

அந்த விளிம்பில் நிற்பதால் இன்னொன்றும் நடக்கிறது. நாங்கள் சோழகம் என்று சொல்லும் தென்மேற்குக் காற்று முதலில் மோதுவது அந்தச் சரிவுகளில்தான். மழையை அங்கேயே கொட்டிவிடுகிறது. களனி கங்கை பிறப்பதும் அங்கேதான். எங்களுக்கு வந்து சேர்வது வெறும் காற்று. கிணறு நிறைய ஐப்பசி, கார்த்திகை மழையைத்தான் பார்த்திருக்க வேண்டும்.

ஏறப் போகிறீர்கள் என்றால், சிவனொளிபாதமலைக்கு மார்கழிப் பௌர்ணமி முதல் வைகாசிப் பௌர்ணமி வரை பருவகாலம். ஹட்டன் போய், மஸ்கெலியா வழியாக நல்லதண்ணியில் இறங்குங்கள். பீதுருதலாகலை உச்சி பாதுகாப்பு வலயம், நினைத்தபடி நடந்து ஏற முடியாது. உயரம்தான் முக்கியம் என்றால் கிரிகல்பொத்தைக்குப் போங்கள்.