சாணவண்டுக் கணக்கும் கம்பெனிக் கணக்கும்: கேள்வி பதில்

சாணத்தையும் பிணத்தையும் மட்கிய மரத்தையும் தின்று மண்ணில் சேர்க்கும் வண்டுகளைப் பற்றிக் கேட்கலாம் என்று சொல்லியிருந்தேன். கம்பெனிகள் தங்கள் சுற்றுச்சூழல் அறிக்கைகளில் இந்த வண்டுகளைக் காட்டுகிறார்களே, அதைப் பற்றியும் கேட்கலாம். என் துறை சாணவண்டு. மற்றவற்றில் தெரிந்த அளவுக்குச் சொல்கிறேன்.

விலங்கியல் மாணவி: காட்டின் நலத்தை அறிய புலி, யானை, பறவை எல்லாம் இருக்கும்போது சாணவண்டை எதற்கு எண்ண வேண்டும்?

பதில்: புலியைத் தேடி ஒரு மாதம் அலைந்தாலும் கிடைப்பது நாலு கால்தடம். சாணவண்டுக்கு இரண்டு நாள் போதும். தரையோடு விளிம்பு படும்படி ஒரு டப்பாவைப் புதைத்து, மேலே துணியில் கட்டிய சாணத்தைத் தொங்கவிட்டால் அதுவே வந்து விழும்.

ஆனால் சுலபம் என்பது மட்டும் காரணம் இல்லை. வண்டுக்குச் சாணம் வேண்டும், அதற்கு விலங்கு வேண்டும். காட்டில் வேட்டை நடந்தால் அது வண்டுப் பட்டியலில் தெரியும். பெரும்பாலான வகைகளின் புழு வளர்வது மண்ணுக்குள், அதனால் மண் இறுகினாலும் காய்ந்தாலும் தெரியும். நிழல் போனாலும் தெரியும். வாழும் முறையிலும் மூன்று தினுசு உண்டு. ஜிம்னோப்ளூரஸ் போன்றவை சாணத்தை உருண்டையாக்கி உருட்டிக்கொண்டு போகும். ஆன்தோபேகஸ் வகைகள் சாணத்துக்கு நேர் கீழே வளை தோண்டி உள்ளே இழுத்துக்கொள்ளும். ஓனிடிசெல்லஸ் சாணிக்குள்ளேயே குடும்பம் நடத்தும். நிலம் கெடும்போது இந்த மூன்றும் ஒரே வேகத்தில் குறைவதில்லை. எது குறைகிறது என்று பார்த்தால் எது கெட்டது என்று ஊகிக்கலாம்.

பிரேசிலில் அமேசான் வடகிழக்கில் ஜாரி என்ற இடத்தில் பெரிய யூகலிப்டஸ் தோட்டங்கள் இருக்கின்றன. அங்கே ஆதிக்காடு, மறுபடி வளர்ந்த காடு, தோட்டம் மூன்றிலும் பத்துக்கும் மேற்பட்ட உயிரினக் குழுக்களை ஆய்வு செய்து, செலவழித்த பணத்துக்கு எந்தக் குழு அதிகத் தகவல் தந்தது என்று 2008-இல் கணக்குப் போட்டார்கள். முன்னால் நின்றவை பறவைகளும் சாணவண்டுகளும்தான்.

நம் மேற்குத் தொடர்ச்சி மலையில் ஓக்கிகாந்தான் என்ற சிறிய சாணவண்டுப் பேரினம் இருக்கிறது. அதில் பல வகைகளுக்குப் பறக்க வராது. சோலை வெட்டுப்பட்டு நடுவில் தேயிலை வந்துவிட்டால் நடந்தே தாண்டி வர வேண்டும். ஒரு சோலைத் துண்டில் அது இருந்தால், அந்தத் துண்டில் நீண்ட காலமாக நிழல் அறுபடவில்லை என்று ஓரளவு துணிந்து சொல்லலாம்.

பொள்ளாச்சி தென்னை விவசாயி: எருக்குழியைக் கிளறினால் கட்டைவிரல் பருமனில் வெள்ளைப் புழுக்கள். இவை சாணவண்டா? விட்டுவிடலாமா?

பதில்: சாணவண்டாக இருக்க வாய்ப்பு மிகக் குறைவு. சாணவண்டின் புழு பெரும்பாலும் மண்ணுக்கடியில் தன் உருண்டைக்குள் இருக்கும், குழியில் இப்படி உதிரியாகக் கிடக்காது. நீங்கள் பார்ப்பது பெரும்பாலும் காண்டாமிருக வண்டின் புழு. அதுவும் மட்கும் எருவைத் தின்பதுதான், ஆனால் வளர்ந்து இறக்கை முளைத்ததும் தென்னைக் குருத்தைத் துளைக்கும். ஒன்றை எடுத்துத் தரையில் விடுங்கள். மல்லாந்து முதுகால் ஊர்ந்தால் அது பூவண்டின் புழு, தென்னைக்கு ஒன்றும் செய்யாது. மல்லாந்து ஊராமல் பக்கவாட்டில் சுருண்டே கிடந்தால் பொறுக்கி எடுத்துவிடுங்கள். எருக்குழியில் இந்தப் புழுவைக் கொல்லும் மெட்டாரைசியம் பூஞ்சணம் கலக்கலாம். தோப்பில் ஒரு கிலோ ஆமணக்குப் புண்ணாக்கை ஐந்து லிட்டர் தண்ணீரில் ஊறவைத்து மண்சட்டிகளில் வைத்தால் வளர்ந்த வண்டுகள் வந்து விழும்.

பால் மாடு வளர்ப்பவர், நாமக்கல்: முன்பெல்லாம் சாணி இரண்டு நாளில் பொடிப்பொடியாகிவிடும். இப்போது வறட்டி போலக் காய்ந்து மாதக்கணக்கில் கிடக்கிறது. ஏன்?

பதில்: மழை இல்லாவிட்டாலும் அப்படித்தான் கிடக்கும். ஆனால் மழை பெய்தும் கிடந்தால் என் முதல் கேள்வி இது: குடற்புழு நீக்க மருந்தாக ஐவர்மெக்டின் போட்டீர்களா?

1981-இல் கால்நடைக்கு விற்பனைக்கு வந்த மருந்து. அருமையான மருந்து, கண்டுபிடித்தவர்களுக்கு 2015-இல் நோபல் பரிசு கிடைத்தது. சிக்கல் என்னவென்றால், மாட்டின் உடம்புக்குள் போனதில் பெரும்பகுதி வேலை முடிந்து சாணத்தோடு வெளியே வருகிறது. வந்த பிறகும் அது பூச்சிக்கொல்லிதான். வளர்ந்த வண்டு பிழைத்தாலும் புழு பிழைக்காது. 1987-லேயே பிரிட்டனில், இந்த மருந்து கொடுத்த மாடுகளின் சாணி மேய்ச்சல் நிலத்தில் கரையாமல் கிடப்பதைக் காட்டிவிட்டார்கள்.

மருந்தை நிறுத்தச் சொல்லவில்லை. நாள்காட்டி பார்த்து எல்லா மாட்டுக்கும் போடாதீர்கள், சாணப் பரிசோதனை செய்து தேவைப்படும் மாட்டுக்குப் போடுங்கள். ஃபென்பெண்டசோல், அல்பெண்டசோல் வகை மருந்துகள் வண்டுகளை அவ்வளவாகப் பாதிப்பதில்லை. உங்கள் மாட்டுக்கு அது சரிப்படுமா என்று கால்நடை மருத்துவரைக் கேளுங்கள். ஐவர்மெக்டின்தான் வேண்டும் என்றால், போட்ட பிறகு சில வாரங்களுக்கு அந்த மாட்டை மேய்ச்சலுக்கு ஓட்டாமல் தொழுவத்தில் கட்டி, சாணியைத் தனியாகக் குவியுங்கள்.

பள்ளி ஆசிரியர்: சாணவண்டு நட்சத்திரம் பார்த்து நடக்குமாமே?

பதில்: உண்மை. தென்னாப்பிரிக்க வண்டு ஒன்று பால்வெளியின் ஒளிப்பட்டையைப் பார்த்து நேர்கோட்டில் உருட்டுகிறது. தலையில் குட்டித் தொப்பி மாட்டி வானத்தை மறைத்ததும் வழி தவறியது. 2013-இல் வந்த ஆய்வு.

தஞ்சாவூர் வாசகர்: எருக்குழியில் வெள்ளைப் புழு...

பதில்: பொள்ளாச்சிக்காரருக்குச் சொன்னதைப் பாருங்கள்.

இயற்கை விவசாயி: சாணவண்டு விலைக்குக் கிடைக்குமா? தோட்டத்தில் விட ஆசை.

பதில்: வேண்டாம். நம் ஊரில் வண்டு இல்லாமல் இல்லை, அது வாழ விடாததுதான் பிரச்சினை. மாட்டுக்குப் போடும் புழு மருந்தைக் குறையுங்கள், தானாக வரும்.

ஆஸ்திரேலியாவில் விட்டார்களே என்பீர்கள். அங்கே நிலைமை வேறு. 1788-இல் கப்பலில் மாடு போய் இறங்கியது. உள்ளூர் வண்டுகள் கங்காருவின் காய்ந்த புழுக்கைக்குப் பழகியவை, மாட்டுச் சாணியை என்ன செய்வதென்று அவற்றுக்குத் தெரியவில்லை. சாணி குவிந்தது, ஈ பெருகியது. போர்னமிஸ்ஸா என்ற பூச்சியியலாளர் இதைக் கவனித்து யோசனை சொன்னார். 1965-இலிருந்து இருபது ஆண்டு அரசு ஆராய்ச்சி நிறுவனம் இதற்காக வேலை செய்தது. வண்டை அப்படியே கொண்டுவந்து கொட்டவில்லை. முட்டையை எடுத்து, கிருமி நீக்கி, கையால் பிடித்த சாண உருண்டைக்குள் வைத்து வளர்த்துத்தான் வெளியே விட்டார்கள். 43 இனங்களை விட்டதில் 23 நிலைத்தன. இதை ஒரு தோட்டக்காரர் கூரியரில் வரவழைத்துச் செய்ய முடியாது.

வளைகுடாவில் வேலை செய்யும் பொறியாளர்: அமெரிக்காவில் ஒரு பிணந்தின்னி வண்டுக்காக எண்ணெய்க் குழாய்த் திட்டத்தையே நிறுத்தினார்கள் என்று எங்கள் தளத்தில் கிண்டலாகச் சொல்கிறார்கள். நிஜமா?

பதில்: பாதிதான் நிஜம். செத்த எலி, பறவைகளை ஆணும் பெண்ணுமாக மண்ணில் புதைத்து, குஞ்சுக்குப் பறவை ஊட்டுவதுபோல் புழுக்களுக்கு வாயால் ஊட்டி வளர்க்கும் வண்டு அது. ஒரு காலத்தில் 35 மாநிலங்களில் இருந்தது. பெரும்பாலான இடங்களில் மறைந்துபோனதால் 1989-இல் அழியும் நிலைப் பட்டியலில் சேர்த்தார்கள். நீங்கள் கேட்ட கீஸ்டோன் எக்ஸ்எல் எண்ணெய்க் குழாய் நெப்ராஸ்காவில் அதன் வாழிடத்தின் வழியே போவதாக இருந்தது. அனுமதி வரும் முன்பே புல்லை வெட்டி, வண்டுகளை அழுகல் இரை வைத்துப் பிடித்து வேறிடம் மாற்றுகிறார்கள் என்று 2011-இல் சூழல் அமைப்புகள் வழக்குப் போட்டன. ஆனால் குழாய் கைவிடப்பட்டது 2021-இல், அதிபர் அனுமதியை ரத்து செய்ததால். வண்டு அதை நிறுத்தவில்லை. இதற்கிடையில் எண்ணெய்த் தொழில் சங்கமும் சேர்ந்து வண்டைப் பட்டியலிலிருந்தே எடுக்கச் சொல்லி 2015-இல் மனுக் கொடுத்தது. 2020-இல் பட்டியலில் ஒரு படி இறக்கினார்கள். உங்கள் தளத்துக்காரர்களிடம் இந்தப் பகுதியையும் சொல்லுங்கள்.

சமூகப் பொறுப்புப் பிரிவு அதிகாரி (சுண்ணாம்புக்கல் சுரங்கம்): மூடிய குழிகளைச் சுற்றி மரம் நட்டிருக்கிறோம். ஒரு ஆலோசகர் வந்து சாணவண்டு எண்ணினார். நடுவதற்கு முன் இருந்ததைவிட எண்ணிக்கை பல மடங்கு. சூழல் மீண்டுவிட்டது என்று ஆண்டறிக்கையில் போடலாமா?

பதில்: போடாதீர்கள். எத்தனை இனம்? என்ன இரை வைத்தார்? எந்த மாதம்? பக்கத்தில் வெட்டப்படாத காட்டில் எண்ணினாரா?

அதே அதிகாரி: இனம் பிரிக்கவில்லை, மொத்தம்தான். மாட்டுச் சாணம் வைத்தார். முதலில் ஏப்ரல், அடுத்தது நவம்பர். கம்பெனி என்றாலே சந்தேகப்படுகிறீர்கள், ஐயா. பறவைக் கணக்குக்கு நிதி இல்லை என்றுதானே இதற்கு வந்தோம்?

பதில்: நிதி குறைவென்று சாணவண்டுக்கு வந்தது நல்ல முடிவுதான். ஆனால் ஏப்ரல் வெயிலையும் நவம்பர் மழையையும் ஒப்பிட்டால் வெறும் தரிசில்கூடப் பல மடங்குதான் வரும். மரமே நடாமல் இந்த எண்ணை வாங்கியிருக்கலாம்.

இதை ஒழுங்காகச் செய்த இடம் ஒன்று சொல்கிறேன். தென்னாப்பிரிக்காவின் ரிச்சர்ட்ஸ் பே. கடலோர மணற்குன்றுகளில் 1977 முதல் டைட்டானியம், சிர்க்கான் கனிமங்கள் எடுக்கிறார்கள், ரியோ டின்டோ என்ற பன்னாட்டுச் சுரங்க நிறுவனம் பெரும்பங்கு வைத்திருக்கும் கம்பெனி. தோண்டும் முன் மேல்மண்ணைத் தனியாக எடுத்து வைத்து, குன்றைப் பழைய வடிவில் குவித்து, அந்த மண்ணை மேலே பரப்பி, முதலில் சோளமும் கம்பும் சணப்பும் விதைக்கிறார்கள். ஆமாம், நம் வயலில் மடக்கி உழும் அதே சணப்பு. அதன் நிழலில் உள்ளூர் வேலமரம் ஒன்று முளைத்து எழும், பிறகு மெதுவாகக் காட்டு மரங்கள். நிலத்தில் மூன்றில் ஒரு பங்கைத்தான் இப்படிக் காடாக விடுகிறார்கள், மீதியில் நம் சவுக்கு.

பிரிட்டோரியா பல்கலைக்கழகத்தார் அங்கே வெவ்வேறு வயதுடைய துண்டுகளிலும், தோண்டப்படாத குன்றுக் காட்டிலும் சாணவண்டுகளைப் பிடித்து இனம் பிரித்தார்கள். இளம் துண்டுகளில் இருந்தவை எந்தத் திறந்த வெளியிலும் கிடைக்கும், ஆப்பிரிக்கா முழுக்கப் பரவிய வகைகள். மரங்களின் தலைகள் ஒன்றுசேர்ந்து மேலே மூடியபிறகு நிழல் வண்டுகள் வந்தன. அந்தக் கடலோரத்துக்கே உரிய வகைகளின் பங்கு துண்டின் வயதோடு கூடியது, ஆனால் இயற்கைக் காட்டின் அளவை எட்டவில்லை. மொத்தத் தலையை மட்டும் எண்ணியிருந்தால் இதில் ஒன்றுகூடத் தெரிந்திருக்காது.

சுரங்கத்துக்குப் பக்கத்து ஊர்க்காரர்: குறுக்கே பேசுவதற்கு மன்னிக்கணும். அவர் சொல்வது எங்கள் ஊர்ச் சுரங்கமாக இருந்தால், அந்த மரங்களுக்கு நடுவில் எங்கள் மாடுகள்தான் மேய்கின்றன. வேலி விழுந்து இரண்டு வருஷம் ஆகிறது.

பதில்: பல மடங்கு எங்கிருந்து வந்தது என்று தெரிந்துவிட்டது.

அதிகாரி: எங்கள் சுரங்கமா என்று தெரியாது. ஆனால் வேலி விஷயத்தை விசாரிக்கிறேன். இருந்தாலும் சட்டப்படி லாபத்தில் இரண்டு சதவீதம் செலவழித்து, வருஷ முடிவில் இயக்குநர் குழுவுக்கு ஓர் எண் காட்ட வேண்டிய இடத்தில் நான் இருக்கிறேன். காடு முப்பது வருஷத்தில் வரும் என்றால் யார் கேட்பார்கள்?

பதில்: நியாயமான சங்கடம். அதற்காக இரண்டு கணக்கைக் கலக்காதீர்கள். 2013 கம்பெனிகள் சட்டம் 135-ஆம் பிரிவு கேட்பது முந்தைய மூன்று ஆண்டுச் சராசரி லாபத்தில் இரண்டு சதவீதம். வேறு சட்டப்படி செய்தே ஆகவேண்டிய வேலை அந்தக் கணக்கில் வராது என்று 2021-இல் திருத்திய விதியே சொல்கிறது. தோண்டிய குழியைச் சீர்செய்வது சுரங்க மூடல் திட்டப்படி உங்கள் கடமை. அதைச் சமூகப் பொறுப்பு என்று அச்சடித்தால் வண்டுக்கணக்குக்கு முன்பே பணக்கணக்கு தப்பு.

குழுவுக்கு எண் வேண்டும் என்றால் இப்படிக் கொடுங்கள். பக்கத்தில் வெட்டப்படாத கோயில் காடு இருக்கும், அனுமதி கேட்டு அங்கேயும் பொறி வையுங்கள். இரண்டு இடத்திலும் ஒரே வாரம், ஒரே இரை, பொறிக்குப் பொறி ஐம்பது மீட்டராவது இடைவெளி. மாட்டுச் சாணம் மட்டும் வைத்தால் மாட்டு வண்டுதான் வரும். காட்டு வண்டுக்கு மனித மலம்தான் சிறந்த இரை, அலுவலகத்தில் இதை எப்படிச் சொல்வது என்பது உங்கள் பாடு. பிடித்ததை இனம் பிரித்து, மாதிரிகளைச் சென்னையில் இந்திய விலங்கியல் ஆய்வகத்தின் தென்மண்டல மையம் போன்ற இடத்தில் கொடுத்து வைக்க ஏற்பாடு செய்யுங்கள், நாளை வேறொருவர் சரிபார்க்கலாம். கோயில் காட்டில் இருக்கும் இனங்களில் எத்தனை உங்கள் நிலத்துக்கு வந்திருக்கின்றன என்பதுதான் எண். இந்த வருஷம் சிறியதாக இருக்கும். அப்படியே அச்சடியுங்கள்.

கோவை வாசகர்: தென்னைக் குருத்தில் ஓட்டை போடும் கறுப்பு வண்டு சாணவண்டுதானே? அதை ஏன் பாதுகாக்கச் சொல்கிறீர்கள்?

பதில்: இல்லை. இல்லவே இல்லை. அது காண்டாமிருக வண்டு. சாணவண்டு எந்த மரத்தையும் துளைக்காது. மேலே இரண்டு பேருக்குச் சொல்லியாகிவிட்டது, இனித் தென்னைக் கேள்விக்குப் பதில் இல்லை.

பக்கத்து ஊர்க்காரர்: வேலி போட்டால் எங்கள் மாடு எங்கே போகும்? அந்த இடம் முன்பு எங்கள் மேய்ச்சல் நிலம்.

பதில்: இதைத்தான் முதலில் கேட்டிருக்க வேண்டும். சுரங்க வேலை முடிந்த நிலத்தில் தீவனமும் செடிகொடியும் விலங்குகளும் வளரும்படி மறுபடி புல் வளர்த்துத் தர வேண்டும் என்று 2020 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டிருக்கிறது. அதனால் மாட்டுக்கு இடம் கேட்பது உங்கள் உரிமை. பஞ்சாயத்து வழியாகக் கேளுங்கள், ஒரு பகுதி மேய்ச்சலுக்கு, ஒரு பகுதி வேலிக்குள் என்று. இரண்டிலும் பொறி வைக்கச் சொல்லுங்கள். உங்கள் மாடுகளுக்குக் குடற்புழு மருந்து போட்ட தேதிகளை எழுதி அந்த அதிகாரியிடம் கொடுத்துவிடுங்கள். அது இல்லாமல் மேய்ச்சல் பக்கத்து எண்ணுக்கு அர்த்தம் கிடையாது.