அம்மாவோடு ஸ்காட்லாந்து ஹைலேண்ட்ஸ், ஸ்கை தீவு: சிறு குழுச் சுற்றுலா சரிவருமா?

கேள்வி இது: “அடுத்த வருடம் அம்மாவை ஸ்காட்லாந்தின் ஹைலேண்ட்ஸுக்கும் ஸ்கை தீவுக்கும் அழைத்துப் போக நினைக்கிறேன். அவருக்கு 63 வயது, முழங்கால் வலி உண்டு. 16 பேர் போகும் மினிபஸ் சுற்றுலா நல்லதா, கார் வாடகைக்கு எடுப்பது நல்லதா? எத்தனை நாள் வேண்டும்?”

மினிபஸ்ஸிலேயே போங்கள். மூன்று நாளுக்குக் குறைவாக மட்டும் வேண்டாம், அதில் இரண்டு இரவாவது ஸ்கை தீவில் தங்குவதாக இருக்கட்டும். ஏன் என்று சொல்கிறேன், கொஞ்சம் நீளமாகத்தான் வரும்.

நான் அந்தப் பக்கம் இரண்டு முறை போயிருக்கிறேன். முதல் முறை தனியாக, எடின்பரோவிலிருந்து கிளம்பும் ஒரு நாள் சுற்றுலாவில், ஐம்பது பேர் உட்காரும் பெரிய கோச்சில். கிட்டத்தட்ட பன்னிரண்டு மணி நேரப் பயணம். கிளென்கோ பள்ளத்தாக்கில் பதினைந்து நிமிடம் நிறுத்தினார்கள். அதில் பாதி நேரம் கீழே இறங்கவும் ஏறவும் வரிசையில் நின்றதிலேயே போனது. மலை, மேகம், பச்சை. அழகாக இருந்தது. படம் எடுத்துக்கொண்டு வந்துவிட்டேன்.

இரண்டாவது முறை செப்டம்பர் தொடக்கத்தில், அம்மாவோடு, மினிபஸ்ஸில். ஓட்டுநர்தான் கைடும். அதே கிளென்கோவில் அவர் எஞ்சினை அணைத்துவிட்டு, யாரையும் இறங்கச் சொல்லாமல், முதலில் ஒரு கதை சொன்னார். 1692 பிப்ரவரி. அந்தப் பள்ளத்தாக்கில் இருந்த மெக்டொனால்ட் குலத்தார் வீடுகளில் அரசாங்கப் படைவீரர்கள் வந்து தங்குகிறார்கள். கடும் குளிர்காலம். வந்தவருக்குச் சோறும் இடமும் கொடுப்பது அந்த மலைநாட்டு வழக்கம், கொடுத்தார்கள். பன்னிரண்டு நாள் போல ஒரே அடுப்பில் சாப்பிட்டு, ஒன்றாகச் சீட்டாடி இருந்தவர்கள், 13ஆம் தேதி விடிவதற்கு முன்னால் எழுந்து, இடம் கொடுத்தவர்களையே வெட்டினார்கள். 38 பேர் போல அங்கேயே செத்தார்கள். பனியில் ஓடியவர்களில் குளிரில் விறைத்துச் செத்தவர்கள் தனி. குலத்தலைவர் புதிய ராஜாவுக்கு விசுவாசப் பிரமாணம் எடுக்கச் சில நாள் தாமதமானார் என்பதுதான் சொல்லப்பட்ட குற்றம்.

அம்மாவுக்கு அவருடைய ஸ்காட்டிஷ் உச்சரிப்பு பிடிபடவில்லை. நான் பக்கத்தில் உட்கார்ந்து மெதுவாகத் தமிழில் சொல்லிக்கொண்டே வந்தேன். (இதையும் கணக்கில் வைத்துக்கொள்ளுங்கள். மூன்று நாளும் நீங்கள்தான் மொழிபெயர்ப்பாளர்.) முடித்ததும் அம்மா, “உண்ட வீட்டுக்கே ரெண்டகம் பண்ணிட்டாங்களே பாவிங்க” என்றார். அதை நான் ஓட்டுநருக்கு ஆங்கிலத்தில் சொன்னேன். அவர் திரும்பி அம்மாவைப் பார்த்துத் தலையசைத்தார். அவர்கள் சட்டத்திலும் அதற்குத் தனிப் பெயர் இருந்ததாம், நம்பிக்கைக்குள் இருந்து செய்த கொலை என்று. சாதாரணக் கொலையைவிடக் கொடியதாக அதைக் கருதினார்கள். அதற்குப் பிறகு கீழே இறங்கி நின்றபோது, முன்பு நான் படமெடுத்த அதே மலை வேறு மலையாக இருந்தது.

சிறு குழுச் சுற்றுலாவில் நீங்கள் காசு கொடுத்து வாங்குவது இதைத்தான் என்று நினைக்கிறேன். கார் எடுத்துப் போனால் இடம் எல்லாம் கிடைக்கும், இந்த மனிதர் கிடைக்க மாட்டார்.

அடுத்து வானிலை. ஸ்கை தீவுக்கு கேலிக் மொழியில் மூடுபனித் தீவு என்று ஒரு பெயர் உண்டு. காரணப் பெயர்தான். எங்கள் திட்டப்படி மல்லைக் துறையிலிருந்து ஃபெர்ரியில் தீவுக்குப் போயிருக்க வேண்டும். காற்று பலமாக இருந்ததால் அன்றைக்கு ஃபெர்ரி ஓடவில்லை. ஃபோர்ட் வில்லியமில் மதியச் சாப்பாட்டுக்கு நிறுத்தியபோதே ஓட்டுநர் அதை விசாரித்துத் தெரிந்துகொண்டு, வண்டியை வேறு சாலையில் திருப்பினார். நானே ஓட்டியிருந்தால் நேரே துறைக்குப் போய் நின்றிருப்பேன். 1995இல் திறந்த பாலம் ஒன்று தீவுக்கு இருப்பதால் வழி அடைபடவில்லை. இந்த மாற்றத்தில் கிளென்ஃபின்னனின் 21 வளைவுப் பாலமும் அதன்மேல் போகும் நீராவி ரயிலும் போய்விட்டன. அதற்காகவே வந்த ஒரு தம்பதிக்கு முகம் வாடிப்போனது. எனக்கும் வருத்தம்தான். பதிலுக்குச் சாயங்கால வெளிச்சத்தில் ஐலீன் டோனன் கோட்டை கிடைத்தது. மூன்று கடலேரிகள் சேரும் இடத்தில் ஒரு திட்டின்மேல் நிற்கும் கோட்டை. 1719இல் அரசாங்கப் போர்க்கப்பல்கள் அதைத் தகர்த்து, இருநூறு வருடம் இடிபாடாகவே கிடந்து, 1932இல்தான் மறுபடி எழுந்து முடிந்தது.

மறுநாள் காலை ஸ்கையின் பெரிய ஊரான போர்ட்ரீயில் கண் விழித்தபோது வடக்கே ஸ்டார் மலையை மேகம் முழுசாக மூடியிருந்தது. வழக்கமாக முதலில் அங்கேதான் போவார்களாம். எங்கள் ஓட்டுநர் சுற்றைத் தலைகீழாக்கினார். யூயிக் வழியாக மேலே போய், வட முனையைச் சுற்றி, ஸ்டாஃபினிலிருந்து குவிராங் கணவாய்க்கு ஏறினோம். ஒரு வண்டி மட்டும் போகும் அகலம், செங்குத்தான ஏற்றம், கொண்டை ஊசி வளைவு. பெரிய கோச்சுக்கு அந்தப் பாதை சரிப்படாது, மினிபஸ் ஏறிவிடும். மேலே நின்று பார்த்தால் ஒரு மலையே சரிந்து பாதியில் நின்றுபோனது போலத் தெரியும். உண்மையும் அதுதான். மேலே கனமான எரிமலைப் பாறை, கீழே அதைவிட மென்மையான பழைய படிவுப் பாறை. பாரம் தாங்காமல் கீழ்ப்பாறை நழுவுகிறது. இன்னும் கொஞ்சம் கொஞ்சமாக நழுவிக்கொண்டுதான் இருக்கிறது, அதனால் அடிவாரச் சாலையை அடிக்கடி செப்பனிட வேண்டியிருக்கிறதாம். நாங்கள் சுற்றி முடித்து ஸ்டாருக்கு வந்தபோது மணி மூன்று, மேகம் விலகி, ஓல்டு மேன் என்கிற அந்த ஐம்பது மீட்டர் உயரக் கல்தூண் தெளிவாக நின்றது.

இங்கேதான் உங்கள் அம்மாவுக்கான விஷயம் வருகிறது. ஓல்டு மேனின் அடிக்குப் போய்வர ஒன்றரை முதல் இரண்டு மணி நேரம் ஆகும், ஏற்றம் கடுமை, மழை பெய்திருந்தால் கல் வழுக்கும். என் அம்மா ஏறவில்லை. அவரைக் கீழே விட்டுவிட்டு நான் மட்டும் ஏற மனம் வரவில்லை, பாதி தூரம் போய்த் திரும்பிவிட்டேன். கீழே வந்து பார்த்தால், அவர் ஓட்டுநரோடும் கால் சுளுக்கிய ஒரு ஆஸ்திரேலியப் பெரியவரோடும் உட்கார்ந்து பிஸ்கட் சாப்பிட்டுக்கொண்டிருந்தார். மூன்று பேருக்கும் பொது மொழி கிடையாது, ஆனால் பேச்சு நிற்கவில்லை. குழு சின்னதாக இருந்தால் இப்படி நடக்கும். ஏறாதவரைத் தனியாக விட மாட்டார்கள்.

வழியில் கில்முயர் என்ற இடத்தில் ஒரு கல்லறைத் தோட்டம். அங்கே ஃப்ளோரா மெக்டொனால்ட் புதைக்கப்பட்டிருக்கிறார். பிரிட்டிஷ் அரியணைக்கு உரிமை கோரிப் போரிட்டு, 1746இல் கலோடனில் அரசாங்கப் படையிடம் தோற்றுத் தப்பி ஓடிய இளவரசர் சார்லஸ் ஸ்டூவர்ட்டைப் பணிப்பெண் வேடத்தில் படகேற்றி ஸ்கை தீவுக்குக் கொண்டுவந்தவர். இளவரசரின் தலைக்கு 30,000 பவுண்டு விலை வைத்திருந்தார்கள். அந்தக் காலத்தில் அது நினைத்துப் பார்க்க முடியாத பணம். ஐந்து மாதம் குடிசை குடிசையாக ஒளிந்து திரிந்தார், வயிற்றுக்கே வழியில்லாதவர்கள் சோறு போட்டார்கள், ஒருவர்கூடக் காட்டிக்கொடுக்கவில்லை. முந்தின நாள் கிளென்கோ, மறுநாள் இது. அந்த ஓட்டுநர் இரண்டையும் வேண்டுமென்றே அடுத்தடுத்து வைத்தாரா தெரியாது, அம்மா அன்று இரவு தூங்கும்வரை இதையே பேசிக்கொண்டிருந்தார்.

எனக்கு உறைத்தது வேறொன்று. ஹைலேண்ட்ஸில் மணிக்கணக்காகப் போனாலும் ஆளே இல்லாத பள்ளத்தாக்குகள் வரும். முதல் முறை அதை இயற்கை என்று ரசித்தேன். 18ஆம் நூற்றாண்டின் கடைசியிலும் 19ஆம் நூற்றாண்டிலும் நிலக்கிழார்கள் ஆட்டுப் பண்ணைக்காகக் குடியானவர்களை ஊர் ஊராக வெளியேற்றியதில் காலியான இடங்கள் அவற்றில் பல. கனடாவுக்கும் மற்ற நாடுகளுக்கும் கப்பலேறிப் போனார்கள். ஓட்டுநர் காட்டிய பிறகு, புல்லுக்குள் வீட்டுச் சுவர்களின் அடிக்கல் வரிசை கண்ணில் பட ஆரம்பித்தது. முழங்கால் உயரம்கூட இல்லை, பாசி மூடியிருக்கிறது. ஒன்றைப் பார்த்துவிட்டால் அப்புறம் எல்லா இடத்திலும் தெரிகிறது. போர்ட்ரீக்குத் தெற்கே பிரேஸ் என்ற ஊரில் 1882இல் மக்கள் வெளியேற மறுத்துப் போலீஸோடு மோதினார்கள். அதைத் தொடர்ந்த போராட்டங்களால்தான் 1886இல் சிறு குடியானவர்களுக்கு நிலத்தில் நிலையான உரிமை தரும் சட்டம் வந்தது.

மூன்றாம் நாள் திரும்பும் வழியில் லாக் நெஸ் ஏரி, பிறகு கலோடன் போர்க்களம். ஏரியைப் பற்றி நிறையப் பேர் எழுதிவிட்டார்கள், நீளமான கறுப்புத் தண்ணீர், நான் அதற்காகப் பயணம் போக மாட்டேன். கலோடனுக்குப் போவேன். ஒரு மணி நேரத்துக்குள் முடிந்துபோன போர் அது. புல்வெளியில் குலத்துக்கு ஒன்றாக நடுகற்கள், பின்னாளில் 1881இல் வைத்தவை. ஒரு கல்லில் ஃப்ரேசர் என்று இருக்கும், அடியில் யாரோ புதிதாக வைத்த பூ. இன்னொன்றில் குலப் பெயரே கிடையாது, ‘கலந்த குலங்கள்’ என்று மட்டும். யார் எவர் என்று பிரிக்க முடியாமல் புதைத்தவர்கள். அம்மா அந்தக் கல்முன் செருப்பைக் கழற்றிவிட்டு நின்றார்.

சரி, கார் எப்போது நல்லது? இந்திய உரிமத்தோடு அங்கே 12 மாதம் வரை ஓட்டலாம், இடப்பக்கம்தான் ஓட்டுகிறார்கள். பிரச்சினை ஒற்றைத் தடச் சாலைகள். எதிரில் வண்டி வந்தால் ஒதுங்குவதற்கு ஆங்காங்கே சின்ன வளைவு விட்டிருப்பார்கள். அது உங்கள் இடப்பக்கம் இருந்தால் உள்ளே ஒதுங்க வேண்டும், வலப்பக்கம் இருந்தால் அதற்கு நேராக உங்கள் பக்கத்திலேயே நின்று எதிர் வண்டியை அதில் ஒதுங்கவிட வேண்டும். பின்னால் அவசரமாக வருகிறவருக்கும் அப்படி வழி விட வேண்டும். அங்கே வண்டியை நிறுத்திப் படம் எடுப்பது பெரிய தப்பு. இதில் பழக்கம் இருந்து, ஐந்தாறு நாளும் இருந்தால் கார் எடுங்கள், நேரம் உங்கள் கையில் இருக்கும். மினிபஸ்ஸில் அது இருக்காது. பிடித்த இடத்தில் இன்னும் அரை மணி உட்கார முடியாது. எங்கள் குழுவில் ஒருவர் தினமும் தாமதமாக வந்தார், எல்லோரும் காத்திருந்தோம்.

இன்னும் நாள் இருந்தால் லூயிஸ், ஹாரிஸ் தீவுகளையும் சேர்க்கும் ஐந்தாறு நாள் சுற்றுலாவைப் பாருங்கள். ஐயாயிரம் வருடப் பழமையான காலனிஷ் நிற்கும் கற்கள் லூயிஸில் இருக்கின்றன. ஸ்கையிலிருந்து ஹாரிஸுக்கு ஃபெர்ரியில் ஒன்றே முக்கால் மணி நேரம் போல ஆகும். எடின்பரோவிலிருந்து ஒரே நாளில் ஸ்கை போய்வரலாம் என்று யாராவது சொன்னால் கேட்காதீர்கள், போக மட்டுமே ஐந்து மணி நேரத்துக்கு மேல். நாள் குறைவென்றால் ஹைலேண்ட்ஸில் உள்ள இன்வர்னஸ் நகரம் வரை ரயிலில் போய் அங்கிருந்து கிளம்புங்கள்.

மாதம்: மே கடைசி அல்லது செப்டம்பர். கோடை நடுவில் மிட்ஜ் என்ற பூச்சி உயிரை எடுக்கும். கடுகளவுகூட இருக்காது, மேகம் போல வரும். செப்டம்பரிலேயே ஸ்லிகாஹன் பழைய பாலத்தடியில் எங்களைப் பிடித்துக்கொண்டது. அந்த ஆற்றில் முகத்தை முக்கி எடுத்தால் அழகு என்றும் மாறாது என்று ஒரு நம்பிக்கை. குழுவே மண்டியிட்டு முகத்தை முக்கியது. அம்மாவால் மண்டியிட முடியாது. கொரியாவிலிருந்து வந்த ஒரு பெண் இரண்டு கையாலும் தண்ணீரை அள்ளிக்கொண்டு வந்தாள், அம்மா அதில் முகம் கழுவி, மிச்ச ஈரத்தை அவள் தலையில் தடவிவிட்டார். அந்த நேரம் பார்த்துக் காற்று நின்றது, மிட்ஜ் வந்தது, எல்லோரும் வண்டிக்கு ஓடினோம். காற்று வீசினால் அது பறக்காது, அதனால் திறந்த இடமாகப் பார்த்து நில்லுங்கள். தலையை மூடும் வலை வாங்கி வைத்துக்கொள்வதும் நல்லது.

பதிவு செய்வதற்கு முன் நிறுவனத்திடம் கேட்க வேண்டியவை: தங்கும் இடம் கட்டணத்தில் சேர்ந்ததா, கோட்டை நுழைவுக் கட்டணம் யார் பொறுப்பு, எவ்வளவு சாமான் கொண்டுவரலாம். ஸ்கை தீவில் கோடைக்கால அறைகள் பல மாதம் முன்பே நிரம்பிவிடும். குழுவில் எல்லோருக்கும் ஒரே விடுதி கிடைக்காது, பி அண்ட் பி என்கிற, காலைச் சாப்பாட்டோடு அறை தரும் வீடுகளில் பிரித்துத்தான் தங்க வைப்பார்கள். அவற்றில் மாடி அறை சகஜம், லிஃப்ட் இருக்காது. ஆகவே கீழ்த்தள அறை வேண்டும் என்று முதலிலேயே எழுதிக் கேளுங்கள். வண்டியின் படியும் உயரம்தான். எங்கள் ஓட்டுநர் ஒவ்வொரு நிறுத்தத்திலும் ஒரு சின்ன மர முக்காலியைக் கீழே போட்டார். எல்லா வண்டியிலும் அது இருக்கும் என்று நம்பி இருக்க வேண்டாம், முழங்கால் வலியைச் சொல்லிக் கேட்டுவிடுங்கள்.