கிளைவை ரசிச்சுட்டேன், தப்பா? – வாசகர் கடிதமும் பதிலும்

அன்புள்ள சார்,

போன மாசம் ராபர்ட் கிளைவ் பத்தி ஒரு தடி இங்கிலீஷ் புக் வாங்கி மூணே நாள்ல முடிச்சேன். 18 வயசுல கிழக்கிந்தியக் கம்பெனிக்கு கணக்கு எழுத மெட்ராஸ் வந்த பையன், 31 வயசுல வங்காளத்துல பிளாசி போரையே ஜெயிக்கிறான். ஸ்டார்ட்அப் ஃபவுண்டர் கதை படிக்கிற மாதிரியே இருந்துச்சு, சில இடத்துல விசில் அடிக்காத குறைதான். ரூம்மேட் கிட்ட சொன்னேன், "கொள்ளையடிச்சவனுக்கு ரசிகர் மன்றம் வைக்கிறியா"ன்னு கேட்டுட்டான். அதுலேர்ந்து ஒரு மாதிரி உறுத்துது. இந்த மாதிரி ஆளுங்களைப் பத்தின புக்கெல்லாம் படிக்கலாமா, வேண்டாமா?

உங்கள் வாசகன், மதுரை

வணக்கம் தம்பி,

தாராளமா படிங்க. ரசிச்சதுக்கும் வெக்கப்பட வேண்டாம், அந்த புக்கை ரசிக்கிற மாதிரிதானே எழுதியிருக்கான், எழுதினவன் கெட்டிக்காரன்னா நாம என்ன பண்ண முடியும். ஆனா ஃபவுண்டர்னு ஒரு வார்த்தை போட்டீங்க பாருங்க, அங்கதான் விஷயமே இருக்கு. கிளைவ் சாகும்போது அவரை யாரும் ஃபவுண்டர்னு சொல்லல. இந்தியாவுக்குப் போய் திடீர் பணக்காரனா திரும்பி வந்தவனையெல்லாம் 'நபாப்'னு கிண்டல் பண்ண காலம் அது, நம்ம நவாப்பைத்தான் அவங்க வாயில அப்படி ஆக்கிட்டாங்க, அந்தக் கூட்டத்துலயே பெரிய நபாப் கிளைவ்தான். பிளாசி முடிஞ்ச கையோட அதுல புது நவாப் ஆன மீர் ஜாஃபர் கிட்டேர்ந்து தனிப்பட்ட முறையில வாங்கினது மட்டும் 2,34,000 பவுண்டு, அது போக வருஷத்துக்கு 27,000 பவுண்டு வர்ற ஜாகிர், அதாவது நில வருமான உரிமை வேற. 1773ல பார்லிமென்ட் இதை நோண்டிச்சு. நோண்டிட்டு, வாங்கினது உண்மைதான், ஆனா நாட்டுக்குப் பெரிய சேவையும் பண்ணியிருக்கார்னு சொல்லி விட்டுட்டாங்க, அது வேற கதை. 1774 நவம்பர்ல செத்தப்போ சொந்த ஊர்ப்பக்கம் ஒரு சின்ன சர்ச்ல, எந்த இடம்னு ஒரு கல்லு கூட வைக்காமதான் புதைச்சாங்க.

அப்புறம் எப்படி ஹீரோ ஆனார்? அறுபது வருஷம் கழிச்சு புக் வந்துச்சு, அவ்வளவுதான். 1836ல மூணு வால்யூம்ல வாழ்க்கை வரலாறு, எழுதினவர் ஜான் மால்கம். அது எதை வச்சு எழுதினதுன்னா போவிஸ் பிரபு கொடுத்த குடும்பக் காகிதங்களை வச்சு, இதை ஒளிச்செல்லாம் வைக்கல, தலைப்புலயே போட்டிருக்கு. அந்த போவிஸ் பிரபு யாருன்னு தேடிப் பாத்தப்போ நான் கொஞ்ச நேரம் அப்படியே உக்காந்துட்டேன் தம்பி. கிளைவோட மூத்த பையன் எட்வர்ட் கிளைவ். 1798லேர்ந்து 1803 வரைக்கும் மெட்ராஸ் கவர்னர். 1799ல கயத்தாறுல கட்டபொம்மனைத் தூக்குல போட்டப்பவும் 1801ல திருப்பத்தூர்ல மருது சகோதரர்களைத் தூக்குல போட்டப்பவும் கோட்டையில உக்காந்திருந்தவர் இவர்தான். அப்பா வாழ்க்கையை எழுத பெட்டியைத் திறந்து காகிதம் கொடுத்தது இந்தக் கை. எழுதின மால்கமும் வெளி ஆள் கிடையாது, சின்னப் பையனா மெட்ராஸ் ஆர்மியில சேந்து பம்பாய் கவர்னர் வரைக்கும் போனவர். அந்த புக்குக்கு 1840ல மதிப்புரை எழுதி கிளைவை ஊர் பூரா கொண்டு சேத்தவர் மெக்காலே, நமக்கு இங்கிலீஷ் பாடம் போட்டாரே அதே மெக்காலே, கல்கத்தாவுல வருஷம் 10,000 பவுண்டு சம்பளம் வாங்கிட்டு ஊர் திரும்பி ரெண்டு வருஷம்தான் ஆகியிருந்துச்சு. காகிதம் கொடுத்தவர், எழுதினவர், மதிப்புரை போட்டவர் மூணு பேருக்கும் சோறு போட்டது ஒரே இடம், அந்தக் கம்பெனி.

அந்த மதிப்புரை ஆரம்பமே ஒரு புலம்பல். மெக்சிகோவையும் பெருவையும் ஸ்பெயின்காரன் புடிச்ச கதை நம்ம ஸ்கூல் பையனுக்குக் கூட தெரியுது, நம்மாளு இந்தியாவைப் புடிச்ச கதை படிச்சவனுக்கே தெரியலையேங்கிறார். அதாவது 1840ல கூட அங்க கிளைவ் கதை பெருசா யாருக்கும் ஓடல. ஓட வச்சது இந்த எழுத்து. அப்புறம் 1860ல ஷ்ரூஸ்பரியில ஒரு சிலை, 1912ல லண்டன்ல இன்னொண்ணு, அதுக்கு முன்னால நின்னு வசூல் பண்ணது நம்ம பழைய வைஸ்ராய் கர்சன்.

நீங்க விசில் அடிச்ச சீன் எதுன்னு எழுதல, நானே ஊகிக்கிறேன், ஆற்காடுதானே? 1751, ஏறக்குறைய 200 வெள்ளைக்காரன் 300 சிப்பாயோட போய் கோட்டையைப் புடிச்சார், அப்புறம் அதுக்குள்ளயே 50 நாள் முற்றுகையில மாட்டிக்கிட்டார். சாப்பாடு தீந்துபோற நிலைமையில சிப்பாய்ங்க கிளைவ் கிட்ட வந்து, சோறை வெள்ளைக்காரங்களுக்குக் கொடுங்க, எங்களுக்கு வடிச்ச கஞ்சி போதும்னு சொன்னதா ஒரு கதை வரும். மெக்காலே அதை உருகி உருகி எழுதியிருக்கார், நானும் காலேஜ்ல படிச்சப்போ கண்ணு கலங்கினவன்தான். பல வருஷம் கழிச்சுதான் உறைச்சுது, அந்த சிப்பாய்ங்கள்ல ஒருத்தன் பேராவது அதுல இருக்கா? கஞ்சி குடிச்சவன் வாயால வந்த ஒரு வார்த்தையாவது இருக்கா? எல்லாம் கிளைவ் மேல அவனுங்க வச்சிருந்த பாசத்துக்கு சாட்சியா வந்துட்டுப் போயிடுது.

காகிதம் யார் கையில இருந்துச்சுன்னு பாக்குற பழக்கம் வந்துட்டா இந்த மாதிரி புக் எல்லாமே வேற மாதிரி தெரியும். பெல்ஜியம் ராஜா லியோபோல்ட் 1908ல காங்கோவை அரசாங்கத்துக்கிட்ட ஒப்படைக்கிறதுக்கு முன்னாடி ஆவணங்களை எட்டு நாள் அடுப்புல போட்டு எரிச்சார். காங்கோவைக் கொடுத்துடுறேன், அங்க நான் என்ன பண்ணேன்னு தெரிஞ்சுக்க அவங்களுக்கு உரிமை இல்லைன்னு சொன்னாராம். கிளைவ் வீட்டுல எரிக்கல, பத்திரமா வச்சிருந்து எழுத்தாளனைக் கூப்பிட்டுக் கொடுத்தாங்க. ரெண்டும் ஒரே வேலையைத்தான் பண்ணுச்சுன்னு எனக்கு சில நேரம் தோணும், கொஞ்சம் ஓவரா இருக்கலாம்.

மாத்து மருந்து கேட்டா நான் எப்பவும் சொல்றது ஆனந்தரங்கப் பிள்ளை நாட்குறிப்பு. இவர் கிளைவ் பக்கம் இல்ல, எதிர் முகாம், பாண்டிச்சேரியில பிரெஞ்சு கவர்னர் டூப்ளே கிட்ட துபாஷி, அதாவது மொழிபெயர்ப்பாளர். 1736லேர்ந்து 1761 வரைக்கும் எழுதியிருக்கார், அதுவும் நம்ம தமிழ்ல, பேச்சு வாடையோட. கப்பல் எப்ப வந்துச்சு, என்ன சரக்கு, யாருக்கு எவ்வளவு லஞ்சம், டூப்ளே பொண்டாட்டி இன்னைக்கு என்ன குழி பறிச்சா, எல்லாம் இருக்கும். டூப்ளேவைப் புகழ்ற இடமும் நிறைய உண்டு, பிள்ளையும் வியாபாரிதானே, நல்லா சம்பாதிச்சவர், அவரைத் தியாகின்னு நினைச்சுப் படிச்சா ஏமாந்துடுவீங்க. ஆனா சாம்ராஜ்யம் கட்டுற ஆள் தினசரி பணத்துக்கு எப்படி அல்லாடுறான், யார்யார் கிட்ட நயந்து பேசுறான்னு பக்கத்துலேர்ந்து பாத்து எழுதினவர் அவர் மாதிரி இன்னொருத்தர் இல்ல. முதல் பக்கத்துலேர்ந்து வரிசையா படிக்கணும்னு இல்ல, 1746ல பிரெஞ்சுக்காரன் மெட்ராஸைப் புடிக்கிற பகுதியைத் திறங்க. அப்ப உங்க கிளைவ் கைதாகி, மாறுவேஷத்துல தப்பிச்சுக் கடலூர் ஓடுற ஒரு சாதா குமாஸ்தா.

இன்னொண்ணு, மதுரைன்னு போட்டிருக்கீங்க. சம்மட்டிபுரத்துல கான் சாகிப் பள்ளிவாசல்னு கேளுங்க, வழி காட்டுவாங்க. யூசுஃப் கான், மருதநாயகம், கம்பெனி சிப்பாய்ங்களுக்கே கமாண்டன்ட்டா இருந்தவர், அப்புறம் எதிர்த்து நின்னு 1764ல உங்க ஊர்லயே தூக்குல போடப்பட்டவர், அடக்கம் அங்கதான். அவரைப் பத்தி 1914ல ஹில்னு ஒரு வெள்ளைக்காரர் கம்பெனி ஆவணங்களை வச்சு புக் எழுதியிருக்கார், நம்ம ஜனங்க 'கான்சாகிபு சண்டை'ன்னு கதைப்பாட்டும் கட்டியிருக்காங்க. ரெண்டையும் பக்கத்துல பக்கத்துல வச்சுப் படிச்சுட்டு, முடிஞ்சா ரூம்மேட்டையும் கூட்டிட்டு ஒரு ஞாயித்துக்கிழமை அங்க போயிட்டு வாங்க. எப்படி இருந்துச்சுன்னு எழுதுங்க.

அன்புடன்