இரண்டு காதுக்கு ஏழு ஸ்பீக்கர் எதற்கு?

கேள்வி: பல்லடம் பக்கத்தில் இருக்கிறேன். பகலில் எங்கள் விசைத்தறியைப் பார்த்துக்கொண்டு, இரவில் கணினியில் வாலரண்ட் என்ற துப்பாக்கிச் சண்டை ஆட்டம் விளையாடுகிறேன். கோயமுத்தூரில் 4,500 ரூபாய்க்கு '7.1' (சுற்றிலும் ஏழு ஸ்பீக்கர், கூட ஒரு பாஸ் ஸ்பீக்கர்) என்று போட்ட யுஎஸ்பி ஹெட்செட் வாங்கினேன். ஆனால் எதிராளி முன்னால் வருகிறானா, பின்னால் வருகிறானா என்று கண்டுபிடிக்க முடியவில்லை. எல்லாச் சத்தமும் எதிரொலியோடு மங்கலாகக் கேட்கிறது. கடையில் கேட்டால், "6,000 ரூபாய்க்கு ஒரு சவுண்ட் கார்டு போட்டாத்தாங்க சரியாகும்" என்கிறார்கள். வாங்கலாமுங்களா?

பதில்: வாங்காதீங்க தம்பி. உங்களுடையது யுஎஸ்பி ஹெட்செட். கணினி தரும் எண்களைக் காதில் கேட்கும் சத்தமாக மாற்றுவதுதான் சவுண்ட் கார்டின் வேலை. அதைச் செய்யும் சில்லு அந்த ஹெட்செட்டுக்குள்ளேயே, இல்லை அதன் வயரிலேயே இருக்கிறது. சவுண்ட் கார்டு எவ்வளவு விலை உயர்ந்ததாக இருந்தாலும், உங்கள் ஹெட்செட்டுக்குப் போகும் ஒலி அதன் வழியாகப் போகவே போகாது. யுஎஸ்பி ஹெட்செட் வைத்திருப்பவருக்குச் சவுண்ட் கார்டு விற்கிற கடைக்காரருக்கு ஒன்று விஷயம் தெரியவில்லை, அல்லது தெரிந்தே விற்கிறார். எப்படியிருந்தாலும் அந்தக் கடையில் இனி ஆலோசனை கேட்காதீர்கள்.

இப்போது உங்கள் பிரச்சினைக்கு வருவோம். இடது பக்கம் ஒரு சத்தம் எழுந்தால் அது இடது காதுக்குக் கொஞ்சம் முந்தியும் கொஞ்சம் கூடுதலாகவும் கேட்கும். இரண்டு காதுக்கும் இடையே அதிகபட்ச நேர வித்தியாசமே ஒரு விநாடியில் ஆயிரத்தில் ஒரு பங்குக்கும் குறைவுதான். மூளைக்கு அது போதும். ஆனால் நேர் முன்னால் வரும் சத்தமும் நேர் பின்னால் வரும் சத்தமும் இரண்டு காதையும் ஒரே நேரத்தில்தான் அடைகின்றன. அந்த இடத்தில் நமக்கு உதவுவது காது மடல். அதன் மடிப்புகள் முன் சத்தத்தை ஒருவிதமாகவும் பின் சத்தத்தை வேறுவிதமாகவும் மாற்றித்தான் உள்ளே அனுப்புகின்றன. இந்த மாற்றத்தை எல்லாம் கணக்குப் போட்டு, இரண்டு காதுக்கும் தனித்தனியாகச் சத்தம் தயாரிக்கும் முறைக்குத்தான் எச்.ஆர்.டி.எஃப் என்று பெயர். அந்தக் கணக்கைச் சரியாகப் போட, சத்தம் எங்கே எழுகிறது என்று தெரிந்திருக்க வேண்டும். அது ஆட்டத்துக்குத்தான் தெரியும், ஹெட்செட்டுக்குத் தெரியாது.

'7.1' என்று எழுதி விற்கும் ஹெட்செட்டுகளில் மிகப் பெரும்பாலானவற்றில் காதுக்கு ஒரு ஸ்பீக்கர்தான் இருக்கிறது. ஏழு ஸ்பீக்கர் இருப்பதாக ஆட்டத்தை நம்பவைத்து, அது அனுப்பும் ஒலியை ஒரு மென்பொருள் மறுபடி இரண்டாகச் சுருக்குகிறது. கூடவே ஹால் மாதிரி தோன்றுவதற்காகக் கொஞ்சம் எதிரொலியையும் சேர்க்கிறது. ஆட்டம் தன் கணக்கைப் போட்டு முடித்த சத்தத்தின் மேல் இதுவும் தன் கணக்கைப் போட்டால், மாமியார் உப்புப் போட்ட குழம்பில் மருமகளும் உப்புப் போட்ட கதைதான். உங்களுக்கு மங்கலாகக் கேட்பதற்குக் காரணம் பெரும்பாலும் இதுதான்.

செய்ய வேண்டியது இவ்வளவுதான். ஹெட்செட்டில் உள்ள 7.1 பட்டனையோ அதன் மென்பொருளில் உள்ள சரவுண்டையோ அணையுங்கள். விண்டோஸ் ஒலி அமைப்பில் 'ஸ்பேஷியல் சவுண்ட்' என்பதையும் அணையுங்கள். வாலரண்டின் ஆடியோ பக்கத்தில் ஸ்பீக்கர் அமைப்பை ஸ்டீரியோவாக வைத்து, எச்.ஆர்.டி.எஃப்-ஐ இயக்குங்கள். 2021 முதல் அந்த ஆட்டத்திலேயே இந்த வசதி இருக்கிறது. மற்றவர்களின் காலடிச் சத்தம், துப்பாக்கியில் குண்டு மாற்றும் சத்தம் போன்றவற்றுக்குத்தான் அதை முதலில் கொடுத்தார்கள். அப்புறம், விண்டோஸின் அணுகல் வசதிகளில் 'மோனோ ஆடியோ' என்று ஒன்று உண்டு. அது தவறி இயங்கிக்கொண்டிருந்தால் இடது வலது கூடத் தெரியாது, அதையும் பார்த்துவிடுங்கள். ஹெட்செட்டை இடம் வலம் மாற்றிப் போட்டிருக்கிறீர்களா என்றும் பாருங்கள். இது நிறைய பேர் செய்வது.

இதில் ஒரே ஒரு விலக்கை விரிவாகச் சொல்லியாக வேண்டும். இதைத் தெரிந்துகொள்ளாமல் நான் சொன்னதை எல்லா ஆட்டத்துக்கும் பொருத்தினால் கெட்டுப்போகும். ஆட்டத்தின் ஆடியோ பக்கத்தைத் திறந்து பாருங்கள். 'ஹெட்ஃபோன்', '3டி ஆடியோ', 'எச்.ஆர்.டி.எஃப்' என்று ஏதாவது இருந்தால் கணக்கை ஆட்டமே போடுகிறது; மற்ற எல்லாவற்றையும் அணைத்துவிடலாம். கவுன்டர் ஸ்ட்ரைக் 2 இந்த வகைதான். ஆனால் 'ஸ்டீரியோ, 5.1, 7.1' என்று மட்டும் இருந்தால், அந்த ஆட்டம் வீட்டில் உண்மையான ஸ்பீக்கர்கள் இருப்பதாக நினைத்துச் செய்யப்பட்டது. பழைய கதை ஆட்டங்கள் பலவும் இப்படித்தான். அங்கே ஆட்டத்தில் 7.1-ஐத் தேர்ந்தெடுத்து, விண்டோஸில் 'விண்டோஸ் சோனிக்' என்பதை இயக்குங்கள். 2017 முதல் விண்டோஸ் 10-இலேயே இலவசமாக வருகிறது. அப்போதும் ஹெட்செட்டின் 7.1 அணைந்தேதான் இருக்க வேண்டும். கணக்குப் போடுவது எப்போதும் ஒரே ஒரு இடமாக இருக்கட்டும். மறுபடி வாலரண்டுக்கு வரும்போது சோனிக்கை அணைக்க மறந்துவிடாதீர்கள்.

சரியாக அமைந்ததா என்று காதால்தான் பார்க்க வேண்டும். ஆட்டத்துக்குள் ஓயாமல் ஒலிக்கும் ஒன்றின் பக்கத்தில், அருவியோ எரியும் நெருப்போ எதுவானாலும் சரி, அசையாமல் நின்று மவுஸால் மெதுவாக ஒரு முழுச் சுற்றுச் சுற்றுங்கள். சத்தம் தலையைச் சுற்றி ஒரே சீராக நகர வேண்டும். முன்னால் இருக்கும்போதும் பின்னால் போகும்போதும் அதன் தன்மை மாற வேண்டும். முதல் நாள் அவ்வளவாகப் பிடிபடாது. ஆட்டத்தில் உள்ள கணக்கு சராசரிக் காது ஒன்றுக்கானது, உங்கள் மடல் வேறு. மூளை பழக ஓரிரு வாரம் கொடுங்கள்.

ப்ளூடூத் ஹெட்செட் வைத்திருப்பவர்களுக்கு ஒரு வார்த்தை: பெரும்பாலானவற்றில் மைக்கை இயக்கிய உடனே ஸ்டீரியோ போய்விடும், திசையும் போய்விடும். வயரோ, யுஎஸ்பி டாங்கிளோ உள்ளதுதான் ஆட்டத்துக்கு ஆகும்.

இன்னொரு கூட்டம் டெலிகிராமில் திரிகிறது. 'ப்ரோ காலடி செட்டிங்' என்று சில நூறு ரூபாய்க்கு ஒரு ஃபைல் விற்பார்கள். உள்ளே இருப்பது வெறும் ஈக்வலைசர் எண்கள்தான், அதாவது எந்த அதிர்வெண்ணைக் கூட்டுவது, எதைக் குறைப்பது என்ற கணக்கு. ஈக்வலைசர் ஏபிஓ என்ற இலவச மென்பொருளில் 100 ஹெர்ட்ஸுக்குக் கீழே 3 டெசிபல் குறைத்து, 2,000 முதல் 4,000 ஹெர்ட்ஸ் வரை 3 டெசிபல் கூட்டினாலே அவர்கள் விற்பதில் முக்கால்வாசி வந்துவிடும். தெரியாத ஆள் அனுப்பும் எந்த நிறுவல் ஃபைலையும் திறக்காதீர்கள். அவர்கள் கட்டாயம் சொல்லும் 'லவுட்னஸ் ஈக்வலைசேஷன்' வேண்டவே வேண்டாம். அது மெல்லிய சத்தத்தைத் தூக்கிவிட்டு, பெரிய சத்தத்தை அமுக்கிவிடும். பக்கத்தில் வருபவனும் தூரத்தில் வருபவனும் ஒரே அளவில் கேட்டால் தூரத்தை எப்படிக் கண்டுபிடிப்பீர்கள்?

பெட்டியின் மேல் அதிகபட்ச விலை, இறக்குமதியாளர் முகவரி, புகார் எண் எல்லாம் இருக்க வேண்டும் என்று 2011-ஆம் ஆண்டின் பொட்டலப் பொருள் விதிகள் சொல்கின்றன. உள்ளே எத்தனை ஸ்பீக்கர் என்று எழுதச் சொல்ல மட்டும் யாருக்கும் தோன்றவில்லை. நுகர்வோர் உதவி எண் 1915-ஐ அழைத்தால் புகாரைப் பதிந்து அந்த நிறுவனத்துக்கே அனுப்பிவைப்பார்கள். தறி ஓட்டிப் பிழைப்பவன் 4,500 ரூபாய்க்காக எத்தனை நாள் அலைவான்? ஆனாலும் அழையுங்கள், பதிவாகட்டும். அதற்குப் பில் வேண்டும். பில் இல்லாவிட்டால் 200 ரூபாய் குறையும் என்பார்கள். அந்தப் பேச்சில் மயங்காதீர்கள்.

கடைசியாக உங்கள் தறி. அதன் இரைச்சலில் பல மணி நேரம் நின்றுவிட்டு வந்தால், காது சில மணி நேரத்துக்கு மந்தமாகவே இருக்கும். மெல்லிய காலடிச் சத்தம்தான் முதலில் காணாமல் போகும். நீங்கள் ஒலியைக் கூட்டுவீர்கள், காது இன்னும் மந்தமாகும். 80 டெசிபல் என்றால் வாரத்துக்கு 40 மணி நேரம் வரை கேட்கலாம், ஒவ்வொரு 3 டெசிபல் கூடும்போதும் அந்த நேரம் பாதியாகும் என்று உலக சுகாதார நிறுவனம் சொல்கிறது. அந்த அளவு உங்களுக்குத் தறிக் கொட்டகையிலேயே தீர்ந்துவிடுகிறது. செட்டிங்கைத் தொடும் முன் ஒரு ஜோடி ஃபோம் காதடைப்பான் வாங்கித் தறி ஓடும்போதெல்லாம் போடுங்கள், அப்பாவுக்கும் ஒரு ஜோடி. இரவில் காதுக்குள் இரைச்சல் நிற்காமல் கேட்டால், எந்த ஹெட்செட்டும் வேண்டாம், முதலில் காது மூக்கு தொண்டை மருத்துவரைப் பாருங்கள்.