நல்ல டெய்லர், தடுமாறும் சூப்பர்வைசர்

உங்கள் கார்மென்ட் தொழிற்சாலையில் ஓவர்லாக்கில் (துணி ஓரம் தைக்கும் மெஷின்) கெட்டிக்காரரான டெய்லரை, ஒரு தையல் வரிசையைக் கவனிக்கும் லைன் சூப்பர்வைசர் ஆக்கினீர்கள். இப்போது பண்டல் (தைக்க வரும் துணிக் கட்டு) தேங்கினால் தானே மெஷினில் உட்கார்ந்துவிடுகிறார், லைன் இழுபடுகிறது என்கிறீர்கள். அவரைக் குறை சொல்லாதீர்கள். தைக்கத் தெரிந்தவருக்குக் கற்றுக்கொடுக்கவும் தெரியும் என்று நினைத்ததுதான் பிழை.

முதலில் எல்லா மெஷினும் ஓட்டத் தெரிந்த ஒரு ஆளை லைனுக்குத் தனியாகக் கொடுங்கள். இல்லாவிட்டால் லீவு விழும் இடத்தில் சூப்பர்வைசர்தான் உட்காருவார். சூப்பர்வைசரை மணிக்கு ஒருமுறை லைனைச் சுற்றி, எந்த மெஷின் முன் பண்டல் குவிந்திருக்கிறது என்று எழுதச் சொல்லுங்கள்.

கற்றுக்கொடுக்க, 1940களில் அமெரிக்கத் தொழிற்சாலைகளில் பரவிய நான்கு படி முறை போதும்: ஆளைத் தயார்படுத்துதல், செய்துகாட்டுதல், செய்யவைத்தல், தொடர்ந்து பார்த்தல். பலர் கோட்டைவிடுவது மூன்றாவதில். கை செய்யும்போதே 'இதை ஏன் இப்படிப் பிடிக்கிறேன்' என்று ஆபரேட்டர் வாயால் சொல்ல வேண்டும். சொல்லத் திணறினால் இன்னும் புரியவில்லை, திரும்பக் காட்டணும்.

சூப்பர்வைசர் ஆக்கியபோது அவரைப் பீஸ் ரேட்டிலிருந்து (தைத்த எண்ணிக்கைக்குக் கூலி) மாதச் சம்பளத்துக்கு மாற்றினீர்களா? வருமானம் குறைந்திருந்தால் எந்தப் பயிற்சியும் ஒட்டாது. பயிற்சிக்கு முன் அதைச் சரிசெய்யுங்கள்.